முதுகைக் காட்டி நிற்கும் கிம்சூஜா: எட்டு நகரங்கள், ஒரு ஊசி

கேட்கப்பட்ட கேள்வி இது: "ஒரு கொரியக் கலைஞர் நெரிசலான தெரு நடுவில் முதுகைக் காட்டிக்கொண்டு அசையாமல் நிற்கும் வீடியோ ஒன்றைப் பார்த்தேன். அவர் எதுவுமே செய்யவில்லை. ஆனால் அடையாளத்தைப் பற்றியும் மனிதருக்கு மனிதர் உள்ள தொடர்பைப் பற்றியும் பேசும் முக்கியமான படைப்பு என்கிறார்கள். சும்மா நிற்பதில் அப்படி என்ன இருக்கிறது?"

நல்ல கேள்வி. நீங்கள் பார்த்தது கிம்சூஜாவின் 'எ நீடில் வுமன்', அதாவது ஊசிப் பெண். கிம்சூஜா 1957-ல் தென் கொரியாவின் டேகு நகரில் பிறந்தவர். 1999 முதல் 2001 வரை டோக்கியோ, ஷாங்காய், டெல்லி, நியூயார்க், மெக்சிகோ சிட்டி, கெய்ரோ, லாகோஸ், லண்டன் ஆகிய எட்டு நகரங்களில் இதைச் செய்தார். ஊர் மாறினாலும் முறை மாறவில்லை. கூட்டம் அதிகமாக இருக்கும் ஒரு தெரு. எளிமையான அடர்நிற உடை, பின்னால் கட்டித் தொங்கவிட்ட நீள முடி. தூரத்தில் நிலையாக வைத்த கேமராவுக்கு முதுகு காட்டி, எதிரே வரும் கூட்டத்தைப் பார்த்து நிற்பார். ஒவ்வொரு வீடியோவும் ஏறக்குறைய ஆறரை நிமிடம் ஓடும், முடிந்ததும் மறுபடி தொடங்கும். ஒலி கிடையாது.

நீங்கள் இதை போனிலோ கணினியிலோ ஒரு நகரத்தை மட்டும் பார்த்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். அப்படிப் பார்த்தால் "என்ன இருக்கிறது?" என்று தோன்றத்தான் செய்யும். இந்தப் படைப்பு ஒரு அறைக்காகச் செய்யப்பட்டது. எட்டு நகரங்களும் சுவர்களில் ஒரே நேரத்தில், கிட்டத்தட்ட ஆள் உயரத்துக்கு ஓடும். நடுவில் நிற்கும் உங்களை நோக்கி எல்லாப் பக்கத்திலிருந்தும் ஜனம் நடந்து வரும். அவருடைய முதுகுக்குப் பின்னால் நீங்கள் நிற்பதால், அவர் பார்ப்பதைத்தான் நீங்களும் பார்க்கிறீர்கள். அவரை முறைப்பவர் உங்களையும் முறைக்கிறார்.

சரி, அந்தக் கூட்டத்தில் என்ன நடக்கிறது? டோக்கியோவில் அவரை அநேகமாக யாரும் கண்டுகொள்வதில்லை. நடுவழியில் ஒருவர் நின்றுகொண்டிருக்கிறார் என்ற உணர்வே இல்லாத மாதிரி இரு பக்கமும் பிரிந்து போய்க்கொண்டே இருக்கிறார்கள். டெல்லியில் அப்படி இல்லை. வருகிறவர்கள் நன்றாகப் பார்க்கிறார்கள், கடந்து போன பிறகும் திரும்பிப் பார்க்கிறார்கள். நம் தெருக்களில் வளர்ந்த எவருக்கும் அந்தப் பார்வை பழக்கம்தான். அதில் ஆர்வம் இருக்கும், சந்தேகம் இருக்கும், கொஞ்சம் உரிமையும் இருக்கும். லாகோஸில் சிலர் நடப்பதையே நிறுத்திவிட்டு எதிரில் நின்றுவிடுகிறார்கள். சிறுவர்கள் முன்னால் வந்து நின்று சிரிக்கிறார்கள். தலையில் சரக்குச் சுமந்து போகிறவர்கள் சுமையோடு கழுத்தை மட்டும் திருப்பி ஒரு முறை பார்த்துவிட்டுப் போகிறார்கள்.

எட்டு ஊர்களிலும் அவர் செய்வது ஒன்றே. ஆகவே, திரைக்குத் திரை எது மாறுகிறதோ அது எதிரில் வருகிறவர்களிடமிருந்து வருகிறது. டோக்கியோவில் முகத்தை வைத்துப் பார்த்தால் அவர் அந்தக் கூட்டத்தில் ஒருவர், அதனால் அவரைத் தனியாகப் பார்க்க யாருக்கும் காரணமில்லை. லாகோஸில் அதே முகம், அதே உடை, அடுத்த கணமே அவரை வெளியூர்க்காரி ஆக்கிவிடுகிறது. நான் இன்ன நாட்டவள், இன்ன மொழிக்காரி என்று அவர் எதையும் அறிவிக்கவில்லை. கடந்து போகும் ஒருவர் ஓரிரு விநாடி பார்க்கும் அந்தப் பார்வையில்தான் அவர் யார் என்பது முடிவாகிறது. அடையாளத்தைப் பற்றிய படைப்பு என்று இதைச் சொல்வதற்கு எனக்குத் தெரிந்த நேரடியான காரணம் இதுதான். அடையாளம் என்றதும் கலைஞர்கள் பெரும்பாலும் தங்கள் முகத்தை, தங்கள் கதையை, தங்கள் உடலின் தழும்பைக் காட்டுவார்கள். இவர் தன் முகத்தை எடுத்துவிட்டார். அந்த இடத்தில் மற்றவர்களின் முகங்கள் வந்து நிறைகின்றன.

இந்த யோசனை அவருக்கு வந்த விதத்தையும் சொல்ல வேண்டும். 1999-ல் டோக்கியோவில் நடந்தபடியே செய்யும் ஒரு நிகழ்த்துதலுக்காகச் சரியான இடம் தேடி நகரத்துக்குள் வெகுநேரம் அலைந்திருக்கிறார். ஷிபுயா பகுதிக்கு வந்தபோது, அந்தப் பெருங்கூட்டத்தின் நடுவில் ஓர் அடிகூட எடுத்து வைக்க முடியாமல் நின்றுவிட்டதாகப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். முதலில் அந்தக் கூட்டத்தின் வேகம் தாங்க முடியாததாக இருந்தது, நிற்க நிற்க மனம் ஒருமுகப்பட்டது, கடைசியில் வந்துகொண்டிருந்த எல்லோர் மீதும் ஒருவித அன்பு வந்தது என்பது அவர் விளக்கம். நடப்பதாக இருந்த படைப்பு அங்கேயே நிற்கும் படைப்பாகிவிட்டது. மற்ற ஏழு நகரங்களுக்கு அவர் போனது அதற்குப் பிறகுதான்.

ஊசி எங்கிருந்து வந்தது? அதற்கு 1983-க்குப் போக வேண்டும். சோலில் உள்ள ஹோங்கிக் பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தவர் அவர். கேன்வாஸ் என்பதே குறுக்கும் நெடுக்குமாக ஓடும் நூல்தானே, அந்த மேற்பரப்பை எப்படிக் கடந்து போவது என்ற கேள்வி அப்போது அவர் மனதில் இருந்தது. ஒரு நாள் அம்மாவோடு உட்கார்ந்து படுக்கை விரிப்பு ஒன்றைத் தைத்துக்கொண்டிருந்தார். ஊசி முனை துணியைத் தொட்டுத் துளைத்த நொடியில் உடம்பெங்கும் ஏதோ பாய்ந்த மாதிரி இருந்ததாகவும், தேடிக்கொண்டிருந்த விடை கையிலேயே இருந்ததாகவும் சொல்கிறார். தூரிகையைக் கீழே வைத்துவிட்டார். இறந்துபோன பாட்டியின் பழைய உடைகளை வெட்டித் தைத்துப் படைப்புகள் செய்யத் தொடங்கினார்.

ஊசியின் வேலையைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். துணியைக் குத்துவதும் அதுதான், கிழிந்ததைச் சேர்ப்பதும் அதுதான். தைத்து முடிந்த பிறகு நூல் மட்டும் இருக்கும், ஊசி அங்கே இருக்காது. தெருவில் நிற்கும்போது தன் உடம்பே அந்த ஊசி என்கிறார் கிம்சூஜா. கூட்டம்தான் துணி. வழக்கமாகத் துணி அசையாமல் இருக்கும், ஊசி ஓடும். இங்கே ஊசி நிற்கிறது, துணி அதைக் கடந்து ஓடுகிறது. இதைக் கலை விமர்சகர்கள் பின்னால் வந்து ஒட்டிய விளக்கம் என்று நினைக்க வேண்டாம். பத்துப் பதினைந்து வருடம் கையில் ஊசி பிடித்துத் தைத்தவருக்கு அந்த வேலையிலிருந்தே வந்த எண்ணம் அது. இந்தத் தொடர்ச்சி தெரியாமல் வீடியோவை மட்டும் பார்ப்பவர்களுக்குப் படைப்பு பாதி மூடியே இருக்கும்.

இடையில் இன்னொரு பொருள் வருகிறது: மூட்டை. கொரியாவில் வீடு மாறும்போது, துணிமணிகளை ஒரு சதுரத் துணியில் வைத்து நாலு முனையையும் சேர்த்து முடிச்சுப் போடுவார்கள். பொத்தாரி என்பார்கள். 1990-களின் தொடக்கத்தில் நியூயார்க்கின் பி.எஸ்.1 கலை மையத்தில் தங்கியிருந்து வேலை செய்தபோதுதான், தன் அறையில் கிடந்த அப்படி ஒரு மூட்டையை அவர் புதிதாகப் பார்த்தார். தைக்காமலேயே, வெறும் முடிச்சால், தட்டையான துணி ஒரு சிற்பமாகிவிடுகிறதே என்பது அவருக்கு வியப்பு. அதற்கு அவர் பயன்படுத்தியவை கொரியத் திருமணங்களில் புதுமணத் தம்பதிக்குக் கொடுக்கும், கண்ணைப் பறிக்கும் நிறத்தில் பூவேலை செய்த படுக்கை விரிப்புகள். புதியவை இல்லை, யாரோ பயன்படுத்திவிட்டுக் கழித்துப் போட்டவை. மனிதர்கள் பிறப்பது, தூங்குவது, கூடுவது, நோயில் கிடப்பது, சாவது எல்லாம் அந்த விரிப்பின் மேல்தான். அந்த ஆட்களின் பெயர் நமக்குத் தெரியாது, ஆனால் அவர்களின் உடம்புச் சூடு பட்ட துணி இங்கே இருக்கிறது.

1997 நவம்பரில் அந்த மூட்டைகளை ஒரு லாரியில் மலை போல் ஏற்றி, மேலே தான் உட்கார்ந்துகொண்டு, பதினோரு நாள் கொரியாவைச் சுற்றினார். 'சிட்டீஸ் ஆன் தி மூவ் – 2727 கிலோமீட்டர்ஸ் பொத்தாரி டிரக்' என்பது அந்த வீடியோ நிகழ்த்துதலின் பெயர். தான் முன்பு வாழ்ந்த ஊர்கள், நினைவில் உள்ள ஊர்கள் வழியாகப் போன பயணம் அது. அவருடைய அப்பா ராணுவத்தில் இருந்ததால், சின்ன வயதில் குடும்பம் ஊர் ஊராக மாறிக்கொண்டே இருந்தது. அந்த வீடியோவிலும் முதுகுதான் தெரியும். சாலை போய்க்கொண்டே இருக்கும், மலைகள் விலகிக்கொண்டே இருக்கும், மூட்டைகளின் மேல் ஒரு முதுகு அப்படியே இருக்கும். 'ஊசிப் பெண்' இங்கே ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறாள் என்று சொல்லலாம்.

1999-ல் அந்த மூட்டை லாரி வெனிஸ் பினாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சிக்குப் போனது. அங்கிருந்து கடல் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் கொசோவோ போர் நடந்த ஆண்டு அது. முகம் பார்க்கும் கண்ணாடியாலான ஒரு பெரிய சுவருக்கு முன்னால் மூட்டை லாரியை நிறுத்தி, அந்தப் போரின் அகதிகளுக்கு அதை அர்ப்பணித்தார். 2007-ல் பாரிஸில் செய்தது எனக்கு இன்னும் நெருக்கமானது. வித்ரி என்ற புறநகரில் கிளம்பி, நகரத்தின் ஊடாகப் பயணித்து, செயின்ட் பெர்னார்ட் தேவாலயத்தில் அந்த லாரிப் பயணம் முடிந்தது. 1996-ல் குடியேற்ற ஆவணங்கள் இல்லாத ஆப்பிரிக்கக் குடும்பங்கள் தஞ்சம் புகுந்திருந்து, காவல்துறை கதவை உடைத்து வெளியேற்றிய தேவாலயம் அது. பாரிஸ் தெரிந்தவர்களுக்குச் சொன்னால் இடம் சட்டென்று பிடிபடும்: நம் ஈழத் தமிழர்களின் கடைகள் வரிசையாக இருக்கும் லா சப்பல் பகுதியிலிருந்து நடந்து போகும் தூரம்தான். ஒரு மூட்டையோடு ஊரை விட்டு வந்த கதை அந்த வட்டாரத்தில் பல வீடுகளில் இருக்கிறது.

பெயரையும் அவர் விட்டுவைக்கவில்லை. 2003-ல் குடும்பப் பெயரையும் சொந்தப் பெயரையும் பிரிக்காமல் ஒரே சொல்லாக 'கிம்சூஜா' என்று எழுதத் தொடங்கினார். இப்படி ஒற்றைச் சொல்லாக இருக்கும் பெயரில் ஆணா பெண்ணா, மணமானவரா இல்லையா, எந்தப் பண்பாட்டைச் சேர்ந்தவர் என்ற தடயங்கள் பிடிபடாது என்பது அவர் விளக்கம். தெருவில் முகத்தை மறைத்தவர் காகிதத்திலும் அதையே செய்தார்.

மனிதத் தொடர்பு என்று கேட்டீர்களே, அதற்கு வருகிறேன். இந்தத் துறையில் அந்தச் சொல்லைச் சொன்னதும் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது மரினா அப்ரமோவிச். 2010-ல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, எதிர் நாற்காலியில் வந்து அமர்ந்த ஒவ்வொருவரின் கண்ணையும் பேசாமல் பார்த்தார். மொத்தம் 700 மணி நேரத்துக்கு மேல். எதிரில் அமர்ந்தவர்கள் பலர் அழுதார்கள். அதன் வலிமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் அங்கே வந்தவர்கள் அவரைத் தேடி வந்தவர்கள். வரிசையில் காத்திருந்தவர்கள். தொடர்பு வேண்டும் என்று முடிவு செய்துவிட்டு வந்தவர்கள். கிம்சூஜாவின் எதிரில் வருகிறவர் சந்தைக்குப் போகிறார், வேலைக்குப் போகிறார், பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகிறார். இவரைப் பார்ப்பதாக அவருக்கு எந்த உத்தேசமும் இல்லை. அப்படியும் ஒரு நொடி பார்த்துவிடுகிறார் அல்லது பார்க்காமல் போய்விடுகிறார். நாம் ஒரு நாளில் சந்திக்கும் மனிதர்களில் மிகப் பெரும்பாலோரோடு நமக்குள்ள உறவு இவ்வளவுதான். அந்த அளவை நேர்மையாகப் பிடித்துக் காட்டியதால்தான் இந்தப் படைப்பு எனக்கு மேலே நிற்கிறது.

நம் நாட்டில் எடுத்த இன்னொன்று இருக்கிறது, அதைத் தவறவிடாதீர்கள். 2000-ல் டெல்லியில் யமுனைக் கரையில் நின்று எடுத்த 'எ லாண்டரி வுமன்', அதாவது சலவைப் பெண். எதிரே கூட்டம் இல்லை, ஆறு மட்டும்தான். அருகில் உள்ள தகன இடத்திலிருந்து பூக்களும் கருகிய மிச்சங்களும் நீரில் மிதந்து வந்து, அவர் உடலுக்கு இந்தப் பக்கம் மறைந்து, அந்தப் பக்கம் வெளிப்பட்டுப் போகின்றன. பறவைகளின் நிழல் தண்ணீரில் விழுகிறது. வானமும் அந்த நீரில்தான் தெரிகிறது, ஆகவே அடிவானமே இல்லை. நின்றுகொண்டே இருந்ததில், ஓடுவது ஆறா தானா என்ற குழப்பம் ஒரு கட்டத்தில் வந்துவிட்டதாக அவர் சொல்லியிருக்கிறார். பார்க்கிற நமக்கும் அது நடக்கும். ஐந்து நிமிடம் கண் எடுக்காமல் பாருங்கள், நீர் நின்று அந்த முதுகு மெல்ல நகர்கிற மாதிரி இருக்கும். தெருவில் கடந்து போனவர்கள் உயிரோடு இருப்பவர்கள். இங்கே கடந்து போகிறவர்களும் மனிதர்கள்தான்.

எல்லாவற்றையும் நான் ஒப்புக்கொள்கிறேன் என்று நினைக்க வேண்டாம். அதே காலத்தில் கெய்ரோ, லாகோஸ், மெக்சிகோ சிட்டியில் கையை நீட்டியபடி தெருவில் உட்கார்ந்து 'எ பெக்கர் வுமன்' (பிச்சைக்காரப் பெண்) செய்தார். டெல்லியிலும் கெய்ரோவிலும் வீடற்றவர் போலத் தரையில் படுத்தார். இவை என்னை உறுத்துகின்றன. நிற்பதில் பாவனை எதுவும் இல்லை, நிற்கிறவர் உண்மையாகவே நிற்கிறார். கை நீட்டும்போது அவர் வேறு ஒருவரின் நிலைமையை எடுத்துப் போட்டுக்கொள்கிறார். கேமரா நின்றதும் அவர் எழுந்து போய்விடலாம், பக்கத்தில் உண்மையிலேயே கை நீட்டி உட்கார்ந்திருப்பவர் போக முடியாது. அந்த உள்ளங்கையில் காசு வைத்தவருக்கும் அது தெரியாது. தெருவில் போனவர்களின் முகங்களை அவர்களுக்குத் தெரியாமல் எடுத்து உலகமெங்கும் காட்டுவது சரியா என்ற கேள்வி 'ஊசிப் பெண்'ணுக்கும் பொருந்தும். அதற்கு என்னிடம் முழுமையான பதில் இல்லை. ஒன்று மட்டும் சொல்வேன்: அந்த முகங்களைக் கேலியாகவோ காட்சிப் பொருளாகவோ கேமரா துரத்திப் போகவில்லை. அது நகரவே இல்லை. வருகிறவர் வருகிறார், போகிறார்.

2005-ல் அவரே 'ஊசிப் பெண்'ணை மறுபடி எடுத்தபோது, இடங்களைத் தேர்ந்தெடுத்த விதம் மாறியிருந்தது. நேபாளத்தின் பாட்டன், ஹவானா, ரியோ டி ஜெனிரோ, சாட் நாட்டுத் தலைநகர் இஞ்சமேனா, ஏமனின் சனா, ஜெருசலேம். போர், வறுமை, காலனியாட்சியின் மிச்சம், தெருச் சண்டை என்று ஏதாவது ஒன்றால் அடிபட்ட நகரங்கள். அந்த ஆண்டு வெனிஸ் பினாலேயில் காட்டப்பட்ட இந்த வரிசையை அவர் மெதுவோட்டத்தில் ஓடவிட்டார். அதனால் ஒரு முகம் இவரைக் கண்டு, யார் இது என்று யோசித்து, பார்வையை விலக்கும் வரை நடக்கும் சின்னச் சின்ன மாற்றமெல்லாம் தெரியும். முதல் வரிசையில் கூட்டம் தெரிந்தது, இரண்டாவதில் ஆட்கள் தெரிகிறார்கள். எனக்கு இரண்டாவதைவிட முதலாவதைப் பிடிக்கும். வேகம் குறைந்ததும் படம் கொஞ்சம் அழகாகிவிடுகிறது, அந்த அழகு எனக்குத் தேவையில்லை என்று படுகிறது. இதில் என்னோடு ஒத்துப்போகாதவர்கள் நிறையப் பேர் உண்டு.

அவருடைய பிற்காலப் படைப்புகளில் அவர் உடம்பே காணாமல் போய்விட்டது. 2016-ல் சோல் தேசிய நவீனக் கலை அருங்காட்சியகத்தில் 19 மீட்டர் நீளத்தில் நீள்வட்டமான ஒரு மர மேசையைப் போட்டார். வருகிறவர்கள் அதைச் சுற்றி உட்கார்ந்து, கையளவு களிமண்ணை எடுத்து உள்ளங்கைகளுக்கு நடுவில் உருட்டி உருண்டையாக்கி மேசையில் வைத்துவிட்டுப் போக வேண்டும். அவ்வளவுதான் வேலை. முழு உருண்டை வர வேண்டுமானால் எல்லாப் பக்கமும் ஒரே அழுத்தம் கொடுக்க வேண்டும், அவசரப்பட்டால் தட்டையாகிவிடும். நாளாக நாளாக, ஒருவரை ஒருவர் அறியாத ஆயிரக்கணக்கானோரின் உருண்டைகள் மேசை முழுக்கப் பரவின. பக்கத்தில் உட்கார்ந்தவரோடு பேச வேண்டியதில்லை, கண்ணைப் பார்க்க வேண்டியதில்லை. கை செய்கிற வேலை மட்டும் பொது. தெருவில் தானே ஊசியாக நின்றவர், இங்கே ஊசியை வந்தவர்கள் கையில் கொடுத்துவிட்டார்.

கடைசியாக, எப்படிப் பார்ப்பது என்று. வாய்ப்புக் கிடைத்தால் அறையில் பாருங்கள். அது முடியாவிட்டால் டோக்கியோவையும் லாகோஸையும் அடுத்தடுத்து, கணினியின் முழுத் திரையில் பாருங்கள். முதல் சுற்றில் கண் அவர் முதுகிலேயே இருக்கும், அவர் அசைவாரா என்று காத்திருக்கும். அசையமாட்டார். இரண்டாவது சுற்றில் அவரை விட்டுவிட்டு, தூரத்தில் வரும் ஏதாவது ஒரு ஆளைப் பிடித்துக்கொள்ளுங்கள். அவர் நெருங்கி வந்து, பார்த்தோ பார்க்காமலோ, திரையின் ஓரத்தைக் கடந்து போகும் வரை அவரையே பின்தொடருங்கள். பிறகு இன்னொருவர். மூன்று நான்கு பேரைப் பார்த்தாலே போதும், நீங்கள் கேட்ட "என்ன இருக்கிறது" என்பதற்கு நான் எழுதியதைவிட நல்ல பதில் கிடைக்கும். யமுனை வீடியோவை அன்றைக்கே பார்க்க வேண்டாம். அதற்கு வேறொரு நாள் ஒதுக்குங்கள்.